நாலுக்கு மூன்று

சாலை காலியாக இருக்கிறது என்றுதான் ரெஜினா நினைத்தாள். வலப்பக்கம் பார்த்தாள், இடப்பக்கம் பார்த்தாள். "வாட்டி, ஒண்ணும் வரல" என்று கோகிலாவின் கையைப் பிடித்துக்கொண்டு அவிநாசி சாலையில் இறங்கினாள். காலை பத்தேமுக்கால் மணி, பளீரென்ற வெயில். நாலு எட்டு வைத்திருப்பார்கள். கோகிலாவின் கை அவள் பிடியிலிருந்து பிடுங்கிக்கொண்டு போனது.

பஸ் கோகிலாவை இருபது அடி இழுத்துப் போய் நின்றது. ரெஜினாவுக்கு முழங்கையில் ஒரு சிராய்ப்பு, அவ்வளவுதான். மூன்றாம் நாள் மதியம் ஆஸ்பத்திரியில் கோகிலாவின் உயிர் போனது. பொள்ளாச்சிப் பக்கத்துப் பெண், வயது பத்தொன்பது. 'கோவை வல்லூறு' என்கிற, கணினியில் துப்பாக்கிச் சண்டை ஆடும் விளையாட்டு அணியில் இரண்டு வருடமாக ரெஜினாவுக்கு ஜோடியாக ஆடியவள்.

காவல் நிலையத்தில் பெண் எஸ்.ஐ. ஒருவர் ரெஜினாவை உட்காரவைத்து, எதிர்க்கடைக் கேமராவில் பதிவானதைப் போட்டுக் காட்டினார்.

"நல்லாப் பாருங்க. நீங்க பஸ் வர்ற பக்கம் திரும்புறீங்க. பஸ் அங்கதான் இருக்கு. பார்த்துட்டுத்தானே இறங்குறீங்க?"

படத்தில் ரெஜினாவின் முகம் வலப்பக்கம் பாதி திரும்பியிருந்தது. பஸ் பெரிதாக, மஞ்சளாக, மறைவில்லாமல் வந்துகொண்டிருந்தது. குருடன்கூடப் பார்த்துவிடும் பஸ்.

"நான் பாக்கல மேடம்."

"செல்போன் பார்த்தீங்களா?"

"இல்ல. போன் பைக்குள்ள கிடந்துச்சு."

எஸ்.ஐ. அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தார். அந்தப் பார்வையை ரெஜினா குறைசொல்லவில்லை. அந்தப் படத்தைப் பார்க்கப் பார்க்க அவளுக்கே தன்மேல் கொலைவெறி வந்தது. நான்தான் 'ஒண்ணும் வரல' என்றேன். நான்தான் கையைப் பிடித்து இழுத்தேன்.

பொள்ளாச்சியில் அடக்கம் முடிந்து அணி தங்கும் விடுதிக்குத் திரும்பியபோது, மேலாளர் தினகர் கூடத்தில் காத்திருந்தார். முகத்தைச் சோகமாக வைத்துக்கொள்ளத் தெரிந்த மனிதர்.

"பாரு ரெஜினா, நடந்தது நடந்துபோச்சு. பத்திரிகைக்கு ஒரு அறிக்கை குடுத்துட்டோம். யாராவது கேட்டா நீயும் அதையே சொல்லிடு."

அறிக்கையை வாங்கிப் படித்தாள். 'இருவரும் செல்போனைப் பார்த்தபடி சாலையைக் கடந்தபோது நேர்ந்த துயரச் சம்பவம்' என்று இருந்தது.

"யாரு சொன்னா நாங்க போன் பாத்தோம்னு?"

"வேற என்ன காரணம் இருக்க முடியும்? இல்லேன்னா நீதான் வேணும்னு தள்ளிவிட்டேன்னு எழுதுவாங்க. எது பரவால்ல?"

ரெஜினா அந்தத் தாளை நாலாகக் கிழித்து அவர் மடியில் போட்டாள். தினகர் துண்டுகளைப் பொறுமையாகத் தட்டிவிட்டார். "எமோஷனல் ஆகாத. ஞாயித்துக்கிழமை இறுதி ஆட்டம் இருக்கு. லென்ஸ்ல மட்டும் எதையும் மாத்த வேண்டாம், கண்ணு பழக்கம் விட்டுப்போகும்."

அந்த ஒரு சொல் அவள் மண்டையில் குத்தி நின்றது. செத்தவளைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும்போது இவருக்கு லென்ஸ் நினைப்பு எதற்கு?

லென்ஸ் வந்து ஆறேழு வருடமாகிவிட்டது. கண்ணுக்குள் வைத்துத் தைத்துவிடுவார்கள். திரை வேண்டாம், மானிட்டர் வேண்டாம், விளையாட்டு கண்ணிலேயே விரியும். ஊரில் பாதிப்பேர் வைத்திருந்தார்கள். வல்லூறு அணிக்கு லென்ஸ் கொடுத்தது, அந்த அணியையே நடத்துகிற 'நேர்நோக்கு' என்ற நிறுவனம். அணியில் அதையெல்லாம் சரிபார்த்து அமைத்துக் கொடுப்பவர் ரவூஃப். உக்கடத்துக்காரர், நாற்பது வயது, அதிகம் பேசாதவர். ரெஜினா நேரே அவருடைய அறைக்குப் போனாள்.

"அண்ணே, என் கண்ணுல என்ன இருக்கு?"

ரவூஃப் எழுந்து கதவைச் சாத்தினார்.

"உட்காரு."

"உக்கார மாட்டேன். சொல்லுங்க."

அவர் மேசையிலிருந்து ஒரு ரப்பர் பேண்டை எடுத்தார். அதன்மேல் பேனாவால் ஒரு குட்டி மனிதனை வரைந்து, இரண்டு பக்கமும் இழுத்தார். குட்டி மனிதன் குண்டானான்.

"பழைய காலத்து மானிட்டர் எல்லாம் நாலுக்கு மூணு விகிதம். அப்புறம் பதினாறுக்கு ஒம்பதுன்னு அகலமா வந்துச்சு. ஆனா போட்டி ஆடுறவங்க அகலமான திரையிலயும் நாலுக்கு மூணாத்தான் வெப்பாங்க. வெச்சு இப்படி இழுத்து விடுவாங்க. எதிரி குண்டாத் தெரிவான். குண்டா இருக்கறவனைச் சுடறது சுலபம்."

"அது எனக்குத் தெரியாதா? அதைத்தான வருஷக்கணக்கா ஆடுதேன்."

"அப்படி இழுக்கும்போது ரெண்டு பக்கமும் எட்டுல ஒரு பங்கு காட்சி வெளிய போயிரும். திரையில அது பரவால்ல. திரைக்கு வெளிய உன் கண்ணு ஒழுங்காத்தானே இருக்கு. லென்ஸ் அப்படி இல்ல ரெஜி. அது உலகத்தையே வெட்டி இழுத்துரும்."

"பயிற்சிக் கூடத்துல மட்டுந்தான் அப்படி. வெளிய வந்தா தானா பழைய அகலத்துக்கு வந்துரும்னு சொன்னாங்க."

"மத்தவங்க லென்ஸ்ல மூணு மணி நேரத்துல வந்துரும். அது சட்டம். உங்க அஞ்சு பேருக்கும் அந்தக் கட்டுப்பாட்டை எடுத்துட்டாங்க. பதினொரு மாசம் ஆச்சு. மாறி மாறிப் பார்த்தா குறி தப்புதாம். எந்நேரமும் ஒரே மாதிரி பார்த்தா நூத்துக்கு நாலு தடவை கூடுதலா ஜெயிக்கிறீங்களாம்."

"எனக்கு எல்லாம் சரியாத்தான தெரியுது?"

"தெரியும். மூளை பத்து நாள்ல பழகிக்கும். அந்த ஓரத்துல கறுப்பா ஒண்ணும் இருக்காது, ஓட்டை மாதிரி இருக்காது. இழுத்து மூடியிருக்கறதால ஒண்ணும் குறையாத மாதிரியே இருக்கும். ரோட்டைக் கடக்கறப்ப யாரும் முழுசாத் தலையைத் திருப்பறதில்ல. பாதி திருப்புவோம், மீதியைக் கண்ணோட ஓரம் பார்த்துக்கும். உனக்கு அந்த ஓரம் இல்ல. கோகிலாவுக்கும் இல்ல."

"காட்டுங்க."

ரவூஃப் தயங்கினார். பிறகு கணினியில் எதையோ தட்டினார்.

அறை இரண்டு பக்கமும் மடாரென்று திறந்துகொண்டது. இடப்பக்கம் ஒரு ஜன்னல் இருந்தது. ஒரு வருடமாக வந்துபோகிற அறையில், இங்கே நின்றால் அப்படியொரு ஜன்னல் தெரியும் என்பதே அவளுக்குத் தெரியாது. எதிரில் ரவூஃப் குச்சியாக, நெட்டையாக நின்றார். சுவரில் அணியின் படம். அதில் கோகிலாவும் ஒல்லியாக, ஒடுங்கின கன்னத்தோடு, வேறு யாரோ போல இருந்தாள். "என்னட்டி, பன்னு மாதிரி இருக்க" என்று தினமும் அவள் கன்னத்தைக் கிள்ளியிருக்கிறாள். அந்தக் கன்னம் லென்ஸ் கொடுத்த கன்னம். கோகிலாவின் நிஜ முகத்தை ரெஜினா ஒரு வருடமாகப் பார்த்ததே இல்லை.

தலை சுற்றிக்கொண்டு வந்தது. குப்பைக்கூடையை இழுத்து வாந்தியெடுத்தாள். நிமிர்ந்தபோது ரவூஃப் தண்ணீர் பாட்டிலை நீட்டினார். அவள் அதைத் தட்டிவிட்டாள்.

"பதினொரு மாசமா தெரியும், இல்ல?"

"மூணு தடவை மேல எழுதிப் போட்டேன். ஆபத்துன்னு."

"எங்ககிட்ட ஒரு தடவை சொன்னீங்களா? மேல எழுதினீங்களாம் மேல! நாங்க கீழ, இதே மாடிப்படியிலதான ஏறி இறங்கினோம். கோகிலா தெனமும் ஒங்களுக்கு டீ வாங்கிட்டு வருவாளே அண்ணே!"

தினகர் கண்டுபிடித்துவிடக் கூடாது என்று ரவூஃப் அவள் லென்ஸைப் பழையபடி குறுக்கிவிட்டு, "ஞாயித்துக்கிழமை நீ என்ன சொன்னாலும் செய்யறேன்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை இறுதி ஆட்டம். கண்காட்சி அரங்கத்தில் எட்டாயிரம் பேர். ஆட்டத்துக்கு முன் கோகிலாவுக்கு ஒரு நிமிட அஞ்சலி, பிறகு ரெஜினா இரண்டு வார்த்தை பேசுவாள் என்று ஏற்பாடு. தினகர் எழுதிக் கொடுத்ததை அவள் எடுத்துவரவே இல்லை.

மைக்கைப் பிடித்ததும், "என் கண்ணைத் திரையில போடுங்க" என்றாள்.

ஆட்டக்காரர் பார்ப்பதைப் பெரிய திரையில் காட்டுவது வழக்கம்தான். யாரும் சந்தேகப்படவில்லை. திரையில் அரங்கம் தெரிந்தது.

"இப்ப நான் நேராப் பாக்கேன். திரையில எங்க மேலாளர் இருக்காரா?"

இல்லை. ஆனால் மேடையில் அவளுக்கு வலப்பக்கம், ஆறடி தள்ளி, தினகர் நின்றுகொண்டிருந்தார். எல்லோரும் அவரைப் பார்த்தார்கள்.

"ரவூஃப் அண்ணே, இப்ப முழுசாத் திறங்க."

திரையின் ஓரத்தில் தினகர் முளைத்தார். வாயைத் திறந்தபடி.

"இந்த ஓரத்துலதான் கோகிலாவ பஸ் அடிச்சுது. நாங்க போன் பாக்கல. எங்க பார்வைய வெட்டி வச்சிருந்தாங்க. ஜெயிக்கறதுக்காக, எங்களுக்குச் சொல்லாம வெட்டி வச்சிருந்தாங்க."

அரங்கம் ஒரு நொடி அமைதியாக இருந்தது. அந்த ஒரு நொடியை ரெஜினா நம்பினாள். அதற்குள் யாரோ மைக்கை அணைத்தார்கள், யாரோ அவள் லென்ஸைப் பழைய விகிதத்துக்கே தள்ளினார்கள். திரையில் எதிரணிக்காரர்கள் ஐந்து பேரும் ஊதின பலூன் போலக் குண்டாகத் தெரிந்தார்கள். உடனே அரங்கத்தில் விசில் பறந்தது.

முதலில் அவளுக்குப் புரியவில்லை. அடுத்த நாள் காலைதான் புரிந்தது. அவளுக்கு வந்திருந்த செய்திகளில் பத்துக்கு ஒன்பது ஒரே கேள்வி: 'அக்கா, அது என்ன செட்டிங்? எங்களுக்கும் வேணும்.'

கொடுத்துவிட்டார்கள். அவளை அணியிலிருந்து நீக்கிய அதே நாளில் 'ரெஜினா நாலுக்கு மூன்று' என்ற பெயரில் அவளுடைய லென்ஸ் அமைப்பை நிறுவனம் வெளியிட்டது. 'வெற்றியாளர் பார்ப்பதை நீங்களும் பாருங்கள்' என்று விளம்பரம். மூன்று நாளில் மூன்று லட்சம் பேர் அதைத் தங்கள் கண்ணில் போட்டுக்கொண்டார்கள்.

ரெஜினா ஒரு தோழியின் அறையில் தங்கியிருந்தாள். வேலையை உதறிவிட்டு வந்த ரவூஃப் அங்கே அவளைப் பார்க்க வந்தார். அவரைப் பார்த்ததும் அவளுக்குக் கோபம் பொங்கியது. ஆனால் அந்தக் கோபத்தைப் பங்குபோட வேறு யாரும் இல்லை.

"மொதல்ல என் கண்ணைத் திறந்து விடுங்க. நான் பாத்ரூம் போகக்கூடச் சுவத்தைத் தடவிட்டுப் போறேன்."

"முடியாது ரெஜி. உன் செட்டிங்கை நகல் எடுக்கல, நேரா உன் கண்ணோட கோத்து விட்டிருக்காங்க. நீ மாத்தினா அவங்களுக்கும் மாறும். அதுதான் அவங்க விக்கிற சரக்கே. 'ரெஜினா இன்னைக்குப் பார்க்கிறதை இன்னைக்கே பார்.' இப்ப உன் கண்ணுல நான் கை வெச்சா, மூணு லட்சம் பேர் கண்ணுல கை வெச்ச மாதிரி."

"அவங்களுக்கு மூணு மணி நேரக் கட்டுப்பாடு இருக்கா?"

"உன்னுதுல இல்ல. அதனால அவங்களுதுலயும் இல்ல."

ரெஜினா சுவரில் ஓங்கி ஒரு குத்து விட்டாள். கை வீங்கியது. "அப்ப திறந்து விடுங்க எல்லாத்தையும். இப்பவே."

"நீ வாந்தியெடுத்தியே, ஞாபகம் இருக்கா? பைக்ல போறவனுக்கு அப்படி ஆச்சுன்னா? அப்புறம் இன்னொண்ணு. கேக்காம அடுத்தவன் கண்ணை மாத்தறது... தினகர் பண்ணினதும் அதுதானே?"

அந்தக் கேள்வி அவளை உட்காரவைத்தது. ஆத்திரம் அடங்கவில்லை, ஆனால் அது யோசிக்கத் தொடங்கியது. இப்போது அகலமாக்கினால் என்ன ஆகும்? 'குறி போச்சு' என்று திட்டிவிட்டு, நாளைக்கே வேறு ஒரு வெற்றியாளரின் கண்ணை மாட்டிக்கொள்வார்கள். எதை இழந்தோம் என்றே தெரியாமல்.

"இழுக்காம வைக்க முடியுமா?" என்று கேட்டாள். "அதே நாலுக்கு மூணு. ஆனா நடுவுல உள்ளது நடுவுலயே இருக்கணும். வெட்டின இடம் கறுப்பாவே தெரியணும்."

ரவூஃப் அவளை நிமிர்ந்து பார்த்தார். "கறுப்புப் பட்டை. பழைய மானிட்டர்ல இருந்துச்சு. மெனுவுல இன்னும் கிடக்கு, யாரும் தொடறதில்ல."

"நான் யார் கண்ணையும் கூட்டவும் இல்ல, குறைக்கவும் இல்ல. என்ன காணோம்னு மட்டும் காட்டுதேன். வச்சிக்கிறதும் எடுக்கிறதும் அவங்க பாடு. சொல்லிட்டே செய்வோம். காலையிலயே எல்லாருக்கும் சேதி போடுவோம், வேண்டாம்ங்கறவன் வெலகிக்கட்டும்."

"உட்கார்ந்திருக்கறவங்களுக்கு மட்டும் மாறுற மாதிரி போடலாம்" என்றார் ரவூஃப் மெதுவாக. "லென்ஸுக்கு அசைவு தெரியும். வண்டி ஓட்டறவங்களுக்கு, நின்ன பிறகுதான் வரும்."

வியாழக்கிழமை காலை மூன்று லட்சம் பேர் கண்ணோரத்தில் ஒரு வரி ஓடியது: 'நான் ரெஜினா. இன்று மதியம் மூன்று மணிக்கு என் பார்வையை மாற்றுகிறேன். உட்கார்ந்துகொள்ளுங்கள். வேண்டாதவர்கள் அதற்குள் விலகிவிடுங்கள்.' புதுசாக ஏதோ வித்தை வரப்போகிறது என்று நினைத்துக் கூட்டம் இன்னும் கூடியது. கூட்டம் கூடுகிறதே என்று நிறுவனமும் தடுக்கவில்லை.

மூன்று மணிக்கு ரெஜினா தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்து, ரவூஃபின் கணினியில் தானே விரலால் அழுத்தினாள்.

அவளும் பார்த்தாள். இடப்பக்கம் ஒரு கறுப்புச் சுவர், வலப்பக்கம் ஒரு கறுப்புச் சுவர். எட்டில் ஒரு பங்கு என்று கேட்டபோது சின்னதாகத்தான் தோன்றியிருந்தது. இவ்வளவு இருக்கும் என்று அவள் நினைக்கவில்லை. வலப்பக்கத்துக் கறுப்பில் ஒரு பஸ் தாராளமாக நிற்கும். பஸ் நின்று, அதன் பக்கத்தில் ஒரு பெண்ணும் நிற்கலாம். ரெஜினா வாயைப் பொத்திக்கொண்டாள். அடக்கத்தின்போது வராத அழுகை அப்போது வந்தது.

முதல் பத்து நிமிடம் வசவுதான். 'லூசாடி நீ', 'ஆட்டம் போச்சு', 'காசு குடுத்து வாங்கினோம், கறுப்பைக் காட்டுற'. அவற்றுக்கு நடுவே மெல்ல மெல்ல வேறு மாதிரி வரத் தொடங்கின. 'இவ்வளவு தெரியலையா எங்களுக்கு?' 'பக்கத்துல தங்கச்சி உக்காந்திருக்கா, அவளைக் காணோம்.' 'நான் நேத்து லாரிக்குக் கிட்டத்துல போனேன். யாரோ கத்தினாங்க. ஏன்னு இப்பதான் புரியுது.'

மூன்று நாற்பதுக்கு நிறுவனம் அந்த அமைப்பையே மொத்தமாகப் பிடுங்கியது. கறுப்பு ரெஜினாவின் கண்ணிலிருந்தே வந்ததால், அதை மட்டும் எடுக்க அவர்களுக்கு வழியில்லை. எல்லோருடைய லென்ஸும் பழைய சட்டத்துக்கு, பழைய அகலத்துக்குத் திரும்பியது. ரெஜினாவின் லென்ஸும்தான். மாலைக்குள் பாதிப்பேர் வேறு யாரோ ஒரு ஆட்டக்காரனின் இழுத்த பார்வையை வாங்கி மாட்டிக்கொண்டார்கள் என்று செய்தி வந்தது.

"பாதி" என்றாள் ரெஜினா. "பாத்த பெறகும் பாதி. என்ன சென்மங்க இதுக?"

ஐந்து மணிக்கு ஒரு அழைப்பு வந்தது. மதுரைப் பேச்சு, நடுத்தர வயதுப் பெண்குரல்.

"ஏத்தா, ரெஜினாவா? எம்பேரு பேச்சியம்மா. நா இங்க ஆட்டோ ஓட்டுறேன். சவாரி இல்லாதப்ப ஸ்டாண்டுல ஒக்காந்து நானும் வெளையாடுவேன். ஒரு பொம்பளப்புள்ள எல்லாரையும் அடிச்சு ஜெயிக்குதேன்னு ஒன்னோட செட்டிங்கத்தான் போட்டிருந்தேன்."

"சொல்லுங்கக்கா."

"மூணு மணிக்கு ஸ்கூல் பிள்ளைகள ஏத்தப் போணும். வண்டிய நிப்பாட்டிக் காத்திருக்கையில ரெண்டு பக்கமும் இருட்டிருச்சு. மூணு நாளா அந்த இருட்டோடயா ஆறு பிள்ளைகள ஏத்திக்கிட்டுப் போனேன்? அதுல ரெண்டு பச்சப்புள்ளக." குரல் உடைந்தது. "பிள்ளைகள வேற வண்டியில அனுப்பிட்டேன். இப்ப கறுப்பு போயிருச்சு. ஆனா வண்டிய எடுக்கக் கை வர மாட்டேங்குது. யார்ட்டப் போயி கேக்குறது? அதான் ஒங்கிட்டக் கேக்குறேன்."

"பக்கத்துல ஆள் இருக்காங்களா? வலப்பக்கம் ஒருத்தரை நிக்கச் சொல்லுங்க. நீங்க நேராப் பாருங்க, திரும்பாதீங்க. அவங்க விரலைக் காட்டட்டும்."

அங்கே யாரையோ கூப்பிடும் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரம் கழித்து, "மூணு வெரலு" என்றாள் பேச்சியம்மா. "இந்தப் பக்கம்... நாலு. ரெண்டும் சரிதானாம்."

"அப்ப சரியா இருக்கு. இன்னைக்கு மட்டும் ஓட்டாதீங்க. தலை சுத்தும்."

மறுமுனையில் ஒரு நீண்ட மூச்சு. வைத்துவிடுவாள் என்று ரெஜினா நினைத்தாள். ஆனால் திரும்பப் பேசியபோது பேச்சியம்மாளின் குரலில் அழுகை இல்லை. வேறொன்று இருந்தது. அது என்னவென்று ரெஜினாவுக்கு நன்றாகத் தெரியும்.

"அந்தப் பிள்ளைகளுக்கு ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆயிருந்தா, நாந்தானத்தா செயிலுக்குப் போயிருப்பேன்? செல்போனப் பாத்துட்டு ஓட்டுனான்னு எழுதியிருப்பானுக. கோர்ட்டுக்குப் போறியா நீயி? போனா என்னையக் கூப்புடு. எங்க வேணாலும் வந்து சொல்றேன். பேர எழுதிக்க, வண்டி நம்பரும் எழுதிக்க."

ரெஜினா ஒரு தாளை இழுத்து எழுதினாள். இன்னொரு அழைப்பு வந்து காத்துக்கொண்டிருந்தது. அதற்குப் பின்னால் இன்னொன்று.

அதுவரை கதவோரமாக நின்றிருந்த ரவூஃப் அவளருகே வந்து உட்கார்ந்தார். மேலே அனுப்பிய மூன்று கடிதங்களின் நகலையும் தாளின் பக்கத்தில் வைத்தார்.

"பேச்சியம்மாளுக்கு மேல கொஞ்சம் இடம் விட்டிருக்கில்ல?" என்றார். "அங்க என் பேரை எழுது. சாட்சின்னு இல்ல. குத்தவாளின்னு."